உடன் எதிரிகள் விடுதலையான பிறகு உங்கள் மீதான வழக்கிலிருந்து வெளியே வருவது எப்படி? முழுமையான வழிகாட்டி

வளைகுடாவில் ஏழு வருடம் வேலை பார்த்துவிட்டுத் தங்கை கல்யாணத்துக்காக ஊருக்கு வந்தவரைத் திருச்சி விமான நிலையத்திலேயே நிறுத்திவிட்டார்கள். அவர் பேரில் லுக் அவுட் நோட்டீஸ் இருந்தது. இரண்டு நாள் கழித்து அவருடைய அண்ணன் என் அலுவலகத்துக்கு வந்தார். கையில் ஒரு பிளாஸ்டிக் கவர், அதற்குள் நாலாக மடித்த தீர்ப்பு நகல். “சார், இதே கேஸ்லதான் நாங்க நாலு பேரும் விடுதலை ஆனோம். அப்போ தம்பிக்கும் முடிஞ்சதுதானே?”

முடியவில்லை. இந்த ஒரு தப்பான நம்பிக்கையால் வருடக்கணக்கில் வாரண்டோடு நடமாடும் குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன். ஒரே வழக்கில் மற்றவர்கள் (கோர்ட் மொழியில் குற்றம் சாட்டப்பட்டவர் ‘எதிரி’, கூடச் சேர்க்கப்பட்டவர்கள் ‘உடன் எதிரிகள்’) விடுதலை ஆவதால் உங்கள் மேல் உள்ள குற்றச்சாட்டு தானாக விழுந்துவிடாது. ஆனால் அந்தத் தீர்ப்பு உங்களுக்குப் பயன்படாது என்றும் இல்லை. அவர்கள் விடுதலை ஆனார்கள் என்பதை விட, எந்தக் காரணத்தால் விடுதலை ஆனார்கள் என்பதுதான் முக்கியம். அந்தக் காரணம் உங்களுக்கும் அப்படியே பொருந்துகிறது என்று காட்ட முடிந்தால் வழி உண்டு. அந்த வழியை இங்கே முதலிலிருந்து சொல்கிறேன். தமிழ்நாட்டு நீதிமன்ற நடைமுறையை மனதில் வைத்து எழுதுகிறேன். சட்டப் பிரிவுகள் இந்தியா முழுவதற்கும் பொது.

வழக்கு எப்படி இரண்டாகிறது

ஐந்து பேர் மீது குற்றப்பத்திரிகை. நாலு பேர் வாய்தாவுக்கு வருகிறார்கள், ஒருவர் வரவில்லை. சம்மன் போகிறது, பிடிவாரண்ட் போகிறது, ஆள் கிடைக்கவில்லை. வந்தவர்களை எத்தனை நாள் காக்க வைப்பது? வராதவரின் வழக்கைத் தனியாகப் பிரித்து, புது எண் கொடுத்து, மற்றவர்களின் விசாரணையை நடத்தி முடிக்கிறார்கள். கோர்ட் பேச்சில் இது ‘ஸ்பிளிட் அப் கேஸ்’. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 317(2), 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் பிரிவு 355(2) இதற்கு இடம் கொடுக்கிறது. செஷன்ஸ் வழக்கு என்றால், வராதவரின் கட்டு, அதாவது வழக்கு ஆவணத் தொகுப்பு, மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே ஒரு பி.ஆர்.சி. எண்ணில் (செஷன்ஸுக்கு அனுப்பும் முன் மாஜிஸ்திரேட் வைத்திருக்கும் வழக்கின் எண்) தங்கிவிடும். மேலே சொன்ன தம்பியின் கட்டும் அப்படித்தான் இருந்தது.

ஆக, அண்ணன்மார்கள் விடுதலை ஆனது ஒரு வழக்கு எண்ணில், தம்பிக்கு நிலுவையில் இருப்பது வேறு எண்ணில். ஒரே குற்றத்துக்கு இரண்டு முறை விசாரிக்கக் கூடாது என்கிற பாதுகாப்பும் இங்கே உதவாது. அது ஒருமுறை விசாரணையைச் சந்தித்து முடித்தவருக்குத்தான். தம்பி இன்னும் விசாரணையையே சந்திக்கவில்லை.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். செய்தித்தாள்கள் ‘விடுதலை’, ‘விடுவிப்பு’ இரண்டையும் கலந்து எழுதுகின்றன. சட்டத்தில் இரண்டும் வேறு. சாட்சி விசாரணை முழுக்க நடந்து, குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்று முடிவது விடுதலை. விசாரணை தொடங்கும் முன்பே, குற்றச்சாட்டு வனைய, அதாவது நீதிமன்றம் அதை முறைப்படி பதிவு செய்ய, போதுமான ஆதாரம் இல்லை என்று வெளியே அனுப்புவது விடுவிப்பு, அதாவது டிஸ்சார்ஜ். இது போக மூன்றாவது ஒன்று உண்டு: உயர் நீதிமன்றம் வழக்கையே ரத்து செய்வது. நமக்கு எது என்பதை முடிவு செய்வதற்கு முன்னால் சில வேலைகள் இருக்கின்றன.

முதல் வேலை: வாரண்ட்

நிலுவையில் வாரண்ட் இருக்கும்போது மற்ற எந்த மனுவும் நகராது. ஆள் வெளியே இருந்தால், வக்கீல் மூலம் ஆஜராகி வாரண்டைத் திரும்பப் பெறும் மனு போட வேண்டும் (பழைய சட்டத்தில் 70(2), புதியதில் 72(2)). வராததற்கு உண்மையான காரணத்தைச் சொல்லுங்கள். வெளிநாட்டில் இருந்திருந்தால் பாஸ்போர்ட்டில் உள்ள முத்திரைகள், விசா, வேலை ஒப்பந்தம் எல்லாவற்றையும் நகலெடுத்துச் சேருங்கள். சம்மன் கைக்கு வரவே இல்லை என்றால், அந்தச் சம்மன் எந்த முகவரிக்குப் போனது, என்ன குறிப்போடு திரும்பியது என்பதைக் கட்டில் பார்த்து எழுதுங்கள். இந்த ஆவணங்கள் பின்னால் உயர் நீதிமன்றத்திலும் தேவைப்படும். அங்கே பெரும்பாலும் முதல் கேள்வியே “இவ்வளவு நாள் எங்கே இருந்தார்?” என்பதுதான்.

‘அறிவிக்கப்பட்ட குற்றவாளி’ என்று பிரகடனம் ஆகியிருக்கிறதா என்பதையும் பார்க்க வேண்டும் (பழைய பிரிவு 82, புதியது 84). ஆகியிருந்தால் முன்ஜாமீன் கிடைப்பது கடினம். பிரகடனத்துக்குப் பிறகும் வராமல் இருந்தது தனிக் குற்றம்: இந்திய தண்டனைச் சட்டத்தில் 174ஏ, பாரதிய நியாய சன்ஹிதாவில் 209. மூல வழக்கு போய்விட்டால் இதுவும் தானாகப் போய்விடும் என்று நினைக்க வேண்டாம். அது தன்னளவில் நிற்கக்கூடிய குற்றம் என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அப்படி ஒரு வழக்கு இருந்தால் அதையும் சேர்த்து ரத்து கேட்க வேண்டும்.

தம்பியை விமான நிலையத்திலிருந்தே அழைத்துப் போய் ரிமாண்ட் செய்திருந்தார்கள். அதனால் எங்களுக்கு முதல் மனு ஜாமீன் மனு. அதிலேயே மற்ற நாலு பேரின் விடுதலைத் தீர்ப்பை இணைத்தோம். ஜாமீனுக்கு அந்தத் தீர்ப்பு நன்றாகவே உதவும்.

வழக்கு இப்போது எந்தக் கட்டத்தில் இருக்கிறது?

ஈகோர்ட்ஸ் இணையதளத்தில் வழக்கின் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணைப் போட்டால் நிலை தெரியும். பழைய பி.ஆர்.சி. கட்டுகள் சில சமயம் அதில் ஏறியிருக்காது. அப்போது நேரில் போய் பெஞ்ச் கிளார்க்கிடம் கேட்டு, பதிவேட்டில் பார்ப்பதுதான் வழி.

தெரிந்துகொள்ள வேண்டியது ஒன்றே: குற்றச்சாட்டு வனைந்தாகிவிட்டதா? வனைந்துவிட்டால் டிஸ்சார்ஜ் என்ற கதவு மூடிவிடும். அதற்குப் பிறகு விசாரணை நீதிமன்றத்தில் முடிவு இரண்டுதான், விடுதலை அல்லது தண்டனை. உயர் நீதிமன்றத்தின் கதவு மட்டும் அப்போதும் திறந்திருக்கும்.

வனையவில்லை என்றால், வழக்கின் வகையைப் பொறுத்துப் பிரிவு மாறும். செஷன்ஸ் வழக்குக்குப் பழைய 227, புதிய 250. போலீஸ் அறிக்கையின் பேரில் மாஜிஸ்திரேட் விசாரிக்கும் வாரண்ட் வழக்குக்குப் பழைய 239, புதிய 262. தனிநபர் புகாரில் வந்த வாரண்ட் வழக்குக்குப் பழைய 245, புதிய 268. சம்மன் வழக்கில் டிஸ்சார்ஜ் என்பதே கிடையாது. போலீஸ் போட்ட சம்மன் வழக்கில் நடவடிக்கையை நிறுத்த மாஜிஸ்திரேட்டுக்கு உள்ள அதிகாரத்தை (258, புதியது 281) கேட்டுப் பார்க்கலாம், இல்லையென்றால் நேராக உயர் நீதிமன்றம்.

புதிய சட்டத்தில் ஒரு கெடு வந்திருக்கிறது, இதைக் கோட்டை விட வேண்டாம். செஷன்ஸ் வழக்கில் ஒப்படைப்பு (மாஜிஸ்திரேட் வழக்கை செஷன்ஸ் நீதிமன்றத்துக்கு அனுப்புவது) நடந்த நாளிலிருந்து 60 நாட்களுக்குள் டிஸ்சார்ஜ் மனு போட வேண்டும். போலீஸ் வாரண்ட் வழக்கில் ஆவண நகல்களைக் கொடுத்த நாளிலிருந்து 60 நாட்கள். பழைய சட்டத்தில் இப்படி எதுவும் இல்லை. 2024 ஜூலை 1-க்கு முன்பே நிலுவையில் இருந்த விசாரணை பழைய சட்டப்படியே தொடரும் என்று புதிய சட்டத்தின் 531-ஆம் பிரிவு சொல்கிறது. இருந்தாலும் உங்கள் கட்டு பிரிந்து கிடந்து இப்போதுதான் ஒப்படைப்பு ஆகிறது என்றால், எந்தச் சட்டம் என்று வாதாடிக்கொண்டிராமல் 60 நாளுக்குள் போட்டுவிடுவதே நல்லது. மனுவில் இரண்டு சட்டப் பிரிவுகளையும் குறிப்பிட்டுவிடுங்கள்.

காகிதங்கள்

இதில் சோம்பல் பட்டால் மொத்த வழக்கும் படுத்துவிடும். தீர்ப்பு நகல் மட்டும் போதாது. வேண்டியவை: முதல் தகவல் அறிக்கை, புகார், குற்றப்பத்திரிகை, அதோடு சேர்ந்த 161 வாக்குமூலங்கள் (சாட்சிகள் போலீஸிடம் சொன்னவை) அனைத்தும், 164 வாக்குமூலம் (மாஜிஸ்திரேட் முன் சொன்னது) இருந்தால் அதுவும், காயச் சான்றிதழ் அல்லது பிரேதப் பரிசோதனை அறிக்கை, மகஜர்கள் (இடத்தைப் பார்த்தபோதும் பொருளைக் கைப்பற்றியபோதும் போலீஸ் சாட்சிகள் முன் எழுதியவை), பிரிக்கப்படாத மூல வழக்கில் வனைந்த குற்றச்சாட்டு, அந்த வழக்கில் ஒவ்வொரு அரசுத் தரப்புச் சாட்சியும் கூண்டில் சொன்ன முழு சாட்சியம், குறுக்கு விசாரணையோடு, கடைசியாகத் தீர்ப்பு.

சாட்சியங்களும் தீர்ப்பும் மூல வழக்கின் எண்ணில் இருப்பவை. அந்த எண்ணில் நீங்கள் தரப்பினர் இல்லை, அதனால் நீங்கள் கேட்டால் மூன்றாம் நபர் மனுவாகப் போகும், காரணம் சொல்லிப் பிரமாணப் பத்திரம் வேண்டும். விடுதலையான அண்ணன் நகல் மனு போட்டால் அந்தச் சுற்று மிச்சம். பழைய கட்டு ஆவணக் காப்பறைக்குப் போய்விட்டிருந்தால் நாளாகும், ஆகவே முதல் நாளே போட்டு வையுங்கள். ஜெராக்ஸ் போதாது; சான்றிட்ட நகல்தான் வேண்டும்.

கூடவே இன்னொன்றைக் கேட்டறியுங்கள்: விடுதலையை எதிர்த்து அரசோ, பாதிக்கப்பட்டவரோ மேல்முறையீடு செய்திருக்கிறார்களா? இருவருக்கும் அந்த உரிமை உண்டு. மேல்முறையீடு நிலுவையில் இருந்தால் உங்கள் வாதம் பாதி ஆட்டம் கண்டுவிடும். இல்லை என்றால், தீர்ப்பு இறுதியாகிவிட்டது என்பதை மனுவில் தனிப் பத்தியாகவே சொல்லலாம்.

தீர்ப்பைப் படிப்பது

இங்கே நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். பலர் கடைசிப் பக்கத்தை மட்டும் திருப்பி “விடுதலை” என்ற வார்த்தையைப் பார்த்துவிட்டு மூடிவிடுகிறார்கள். நமக்கு வேண்டியது நடுவில் இருக்கிறது, “இந்நீதிமன்றம் காண்பது யாதெனில்” என்று தொடங்கும் பத்திகளில்.

சம்பவமே நடக்கவில்லை, அல்லது அரசுத் தரப்பு சொன்ன இடத்தில், சொன்ன விதத்தில் நடக்கவில்லை என்று நீதிபதி முடிவு சொல்லியிருந்தால், அது உங்களுக்குக் கிடைக்கக்கூடிய மிக நல்ல தீர்ப்பு. புகாரே ஜோடிக்கப்பட்டது, முதல் தகவல் அறிக்கை நாள் கடந்து எழுதப்பட்டது, காயமும் ஆயுதமும் பொருந்தவில்லை என்பதெல்லாம் இந்த வகை. அடித்தளமே இல்லாத வீட்டில் ஐந்தாவது ஆளுக்கு மட்டும் தனி அறை இருக்க முடியாது.

அடுத்து, சாட்சிகள் எல்லோரும் பிறழ்ந்துவிட்ட வழக்கு. நம் நீதிமன்றங்களில் அதிகம் பார்ப்பது இதைத்தான். இதில் உற்றுப் பார்க்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. காயம்பட்டவர் “சம்பவமே எனக்குத் தெரியாது, போலீஸ் வெள்ளைத் தாளில் கையெழுத்து வாங்கினார்கள்” என்று சொன்னாரா, அல்லது “கூண்டில் நிற்கும் இவர்கள் என்னை அடிக்கவில்லை” என்று மட்டும் சொன்னாரா? முதலாவது உங்களுக்கும் பொருந்தும். இரண்டாவது பொருந்தாது, அப்படியென்றால் அடித்தது வராதவரா என்று அரசு வழக்கறிஞர் கேட்பார்.

அப்புறம், ஆளாளுக்குத் தனித்தனிக் காரணத்தால் வந்த விடுதலை. ஒருவருக்கு அடையாள அணிவகுப்பு சரியில்லை, இன்னொருவரிடமிருந்து கைப்பற்றிய பொருள் நிரூபணம் ஆகவில்லை, மூன்றாமவர் அன்று வேறு ஊரில் இருந்ததைக் காட்டிவிட்டார். இவை அந்தந்த ஆளோடு முடிந்துபோகும் காரணங்கள். போதைப்பொருள் வழக்கில் உடல் சோதனை விதி மீறப்பட்டது என்ற விடுதலையும் பெரும்பாலும் இதே ரகம். சோதனைக்கு ஆளானவரோடு நின்றுவிடும்.

சமரசத்தால் முடிந்த வழக்கு வேறு. அங்கே நீதிபதி எதையும் தீர்மானிக்கவே இல்லை. அப்போது தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு போவதை விட, புகார்தாரரிடம் பேசி உங்களுக்கும் சேர்த்துச் சமரச மனு போடுவது எளிது.

கடைசியாக, ஒரு ஆபத்து. விசாரணைக்கு வந்தவர்கள் தப்பிக்க, வராதவர் தலையில் எல்லாவற்றையும் கட்டிவிட்டுப் போயிருப்பார்கள். “ஐந்தாம் எதிரிதான் செய்தார், அவர் தலைமறைவாக இருக்கிறார்” என்று குறுக்கு விசாரணையில் சாட்சியிடம் கேள்வியாகப் போடப்பட்டிருக்கும், சில தீர்ப்புகளில் நீதிபதியும் அதை ஏற்று ஒரு வரி எழுதியிருப்பார். அப்படி ஒரு வரி இருந்தால் அந்தத் தீர்ப்பை நம்பி மனு போடாதீர்கள். சொந்த அண்ணனின் வக்கீலாக இருந்தாலும் இது நடக்கும். ஒவ்வொரு பக்கமாகப் பார்த்தே ஆக வேண்டும்.

எங்கள் கட்டில் இருந்தது

ஒரு பெரிய தாளில் நான்கு நெடுவரிசை போட்டேன். முதலில் சாட்சியின் எண், இரண்டாவதில் தம்பியைப் பற்றி 161-இல் அவர் சொன்னது, மூன்றாவதில் கூண்டில் சொன்னது, நான்காவதில் அந்தச் சாட்சியைப் பற்றி நீதிபதி எழுதியது. பன்னிரண்டு சாட்சிகள். பதினொன்று சரியாக உட்கார்ந்தன. இரண்டாம் சாட்சியில் இடித்தது: 161-இல் அவர், “ஐந்தாம் எதிரி கட்டையால் என் இடது தோளில் அடித்தார்” என்று சொல்லியிருந்தார். மற்ற நாலு பேருக்கு அவர் பொதுவாகத்தான் சொல்லியிருந்தார், தம்பிக்கு மட்டும் தனிச் செயல்.

அன்று இரவு சாட்சியத்தை மறுபடி படித்தேன். கூண்டில் அவர் ஒரே ஒரு வாக்கியம் சொல்லியிருந்தார்: அன்று வரப்பில் வழுக்கி விழுந்ததில் தோளில் அடிபட்டது. டாக்டரும் குறுக்கு விசாரணையில், கீழே விழுந்தாலும் இந்தக் காயம் வரலாம் என்று ஒப்புக்கொண்டிருந்தார். நீதிபதி தீர்ப்பில் இந்த இரண்டையும் எடுத்து எழுதி, சம்பவம் நடந்ததையே நம்ப முடியவில்லை என்று முடித்திருந்தார். மனு முழுவதும் அந்தப் பத்தியின் மேல்தான் நின்றது. இப்படி ஒரு அட்டவணை போடாமல் எந்த மனுவையும் எழுதக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

குற்றத்தின் தன்மையும் கணக்கில் வரும். கூட்டுச் சதி என்றால் குறைந்தது இருவர் வேண்டும். பெயர் சொல்லப்பட்ட மற்ற எல்லோரும் சதியிலிருந்து விடுதலையாகி, ‘பெயர் தெரியாத வேறு சிலர்’ என்று குற்றச்சாட்டில் இல்லை என்றால், மிஞ்சிய ஒருவர் யாரோடு சதி செய்தார்? 1955-இல் டோபன் தாஸ் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. சட்டவிரோதக் கூட்டத்துக்கு ஐந்து பேர் வேண்டும். நாலு பேர் போய்விட்டால் அந்தக் கூட்டத்தின் பேரில் சுமத்திய பொறுப்பும் தடுமாறும். எங்கள் வழக்கில் இந்தப் பொறுப்பைச் சுமத்தும் இந்திய தண்டனைச் சட்டத்தின் 149-ஆம் பிரிவு இதனால்தான் விழுந்தது. ஆனால் உங்களுக்கென்று தனிச் செயல் சொல்லப்பட்டிருந்தால் அந்தக் குற்றம் தனியாக நிற்கும் என்பதை மறக்கக் கூடாது.

எந்தக் கதவு?

டிஸ்சார்ஜ் மனுவில் நீதிபதி பார்ப்பது அரசுத் தரப்பு தாக்கல் செய்த ஆவணங்களை மட்டுமே. அதில் பலத்த சந்தேகம் எழுகிறதா என்பதே அளவுகோல். வெறும் சந்தேகம் போதாது. 1978-இல் பிரபுல்ல குமார் சமல் வழக்கில் வந்த இந்த அளவுகோல் இன்றும் அப்படியே இருக்கிறது. எதிரி தன் பக்க ஆவணத்தை அந்தக் கட்டத்தில் காட்ட உரிமை இல்லை என்று தேபேந்திரநாத் பாதி என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. விடுதலைத் தீர்ப்பு குற்றப்பத்திரிகையோடு வந்த ஆவணம் இல்லையே! இதனால்தான், வெறும் விடுதலைத் தீர்ப்பை நம்பிக் கீழ் நீதிமன்றத்தில் டிஸ்சார்ஜ் மனு போட்டால் பெரும்பாலும் தள்ளுபடி ஆகிறது. குற்றப்பத்திரிகையைப் படித்தாலே உங்கள் பெயர் எங்கும் சரியாக ஒட்டவில்லை, இணை எதிரியின் ஒப்புதல் வாக்குமூலத்தைத் தவிர வேறு எதுவும் இல்லை என்கிற வழக்குக்கு டிஸ்சார்ஜ் பொருத்தம்.

உங்கள் வாதத்தின் மையமே விடுதலைத் தீர்ப்புதான் என்றால், உயர் நீதிமன்றமே சரியான இடம். பழைய 482, புதிய 528. நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுவதைத் தடுக்கவும், நீதியின் நோக்கத்தைக் காக்கவும் அதற்கு உள்ளார்ந்த அதிகாரம் இருக்கிறது. ஐயத்துக்கு இடமில்லாத தரமுள்ள ஆவணம் என்றால் வெளி ஆவணத்தையும் பார்க்கலாம். தென் மாவட்ட வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும், மற்றவை சென்னைக்கு. கிரிமினல் ஓ.பி. (ஒரிஜினல் பெட்டிஷன்) என்று எண் ஆகும். கூடவே இரண்டு சிறு மனுக்கள்: கீழ் நீதிமன்ற நடவடிக்கைக்கு இடைக்காலத் தடை, நேரில் ஆஜராவதிலிருந்து விலக்கு.

இங்கே எதிர்த் தரப்பு காட்டும் தீர்ப்புகளை முன்னாலேயே தெரிந்து வைத்திருக்க வேண்டும். முதலாவது, ராஜன் ராய் எதிர் பீகார் மாநிலம். தனியாக விசாரிக்கப்படும் எதிரிக்கு, மற்றவர்களின் விடுதலைத் தீர்ப்பு சாட்சியமாகவே ஏற்கத்தக்கதல்ல என்று உச்ச நீதிமன்றம் அதில் சொன்னது. சாட்சியச் சட்டத்தின் 40 முதல் 43 வரை உள்ள பிரிவுகள் (புதிய சட்டத்தில் 34 முதல் 37) எந்த முந்தைய தீர்ப்பு பொருத்தமானது என்று வரையறுக்கின்றன, இது அதற்குள் வராது. இரண்டாவது, கேரள உயர் நீதிமன்ற முழு அமர்வின் மூசா வழக்கு: உடன் எதிரி விடுதலை ஆனார் என்பதற்காக மட்டும் வழக்கை ரத்து செய்ய முடியாது.

இதற்குப் பதில் இருக்கிறது. உங்கள் குற்றமின்மைக்குச் சாட்சியமாக நீங்கள் அந்தத் தீர்ப்பைக் காட்டவில்லை. அதே சாட்சிகள், அதே ஆவணங்கள், அதே சம்பவம். இவற்றை முழுக்க விசாரித்து, அடித்தளமே இல்லை என்று ஒரு நீதிமன்றம் முடிவு செய்து, அது இறுதியும் ஆகிவிட்ட பிறகு, மறுபடி அதே விசாரணையை நடத்துவதால் யாருக்கு என்ன பயன் என்று கேட்கிறீர்கள். மூசா வழக்கும் அடித்தளமே தகர்ந்துபோன அரிய வழக்குகளுக்கு இடம் விட்டுத்தான் வைத்திருக்கிறது. சிபிஐ எதிர் அகிலேஷ் சிங் வழக்கில், சதித் திட்டம் தீட்டியதாகச் சொல்லப்பட்ட முக்கிய எதிரியே விடுவிக்கப்பட்டு அது இறுதியாகிவிட்ட நிலையில், இன்னொருவர் மீதான வழக்கை ரத்து செய்தது சரி என்று உச்ச நீதிமன்றம் ஏற்றது. ஒரே சாட்சி ஒரே விதமான பங்கை இருவர் மேலும் சொல்லும்போது ஒருவரைத் தண்டித்து இன்னொருவரை விட முடியாது என்று 2023-இல் ஜாவேத் சௌகத் அலி குரேஷி வழக்கில் சொன்னது. அது தண்டனைக்குப் பிறகான மேல்முறையீட்டில் வந்தது, ஆனாலும் அந்தச் சமநிலைக் கொள்கையை இங்கே எடுத்துக்காட்டலாம்.

மனுவை எழுதும்போது

நீளம் வேண்டாம். எதிரிகள் யார், உங்கள் வரிசை எண் என்ன, வழக்கு எப்போது, ஏன் பிரிந்தது, மற்றவர்கள் எந்தத் தேதியில் விடுதலை, மேல்முறையீடு இல்லை என்பது. இவ்வளவும் ஒரு பக்கத்துக்குள். அடுத்து அந்த அட்டவணை. பிறகு தீர்ப்பிலிருந்து முக்கியமான இரண்டு மூன்று பத்திகளை அப்படியே எடுத்துப் போடுங்கள், உங்கள் சொந்த வார்த்தையில் சுருக்காதீர்கள். டைப்டு செட்டில், அதாவது மனுவோடு தரும் ஆவணத் தொகுப்பில், சாட்சியங்கள் முழுவதும் இருக்க வேண்டும். தமிழில் இருப்பதற்கு மொழிபெயர்ப்பு கேட்டு மனுவைத் திருப்பி அனுப்பலாம், அதற்கும் தயாராக இருங்கள்.

உங்களுக்குப் பாதகமானதை மறைக்காதீர்கள். தலைமறைவு, பழைய மனு தள்ளுபடி, வேறு வழக்குகள் எல்லாம் அரசுத் தரப்பின் பதிலில் எப்படியும் வரும். நீங்களே சொல்லி விளக்கியிருந்தால் அது விளக்கம், அவர்கள் சொன்னால் அது மறைப்பு. புகார்தாரரை எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்க வேண்டாம்.

தள்ளுபடி ஆனால்

கீழ் நீதிமன்றத்தில் டிஸ்சார்ஜ் மனு தள்ளுபடி ஆனால் 90 நாளுக்குள் சீராய்வு மனு போடலாம். வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கில் அது மேல்முறையீடாக உயர் நீதிமன்றத்துக்குப் போகும். உயர் நீதிமன்றமே தள்ளுபடி செய்தால் உச்ச நீதிமன்றம் இருக்கிறது. ஆனால் பல சமயம் அதை விட நல்லது, தள்ளுபடி செய்யும்போதே குறிப்பிட்ட மாதத்துக்குள் விசாரணையை முடிக்கச் சொல்லியும், ஆஜராவதிலிருந்து விலக்கு கொடுத்தும் உத்தரவு கேட்பது.

விசாரணைக்கே போனாலும் பழைய கட்டு வீணாகாது. மூல வழக்கில் சாட்சி சொன்னது உங்களுக்கு எதிரான சாட்சியம் ஆகாது, அவரை மறுபடி கூண்டில் ஏற்றித்தான் விசாரிக்க வேண்டும். நீங்கள் இல்லாதபோதே உங்களுக்கு எதிராகவும் சாட்சியம் பதிவு செய்ய 299-இன் கீழ் (புதியது 335) உத்தரவு இருந்ததா என்பதை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள், இருந்தால் கதை மாறும். இப்போது சாட்சி வேறு மாதிரி சொன்னால், முன்பு சொன்னதைக் காட்டி முரண்பாட்டை நிறுவலாம் (சாட்சியச் சட்டம் 145, புதியது 148). சான்றிட்ட நகல் வாங்கி வைத்தது இங்கே கைகொடுக்கும்.

உத்தரவு வந்த பிறகு

ரத்து உத்தரவின் நகலைக் கீழ் நீதிமன்றத்தில் கொடுத்து, வாரண்ட் நிலுவையில் இல்லை என்று பதிவு செய்ய வைக்க வேண்டும். காவல் நிலையத்திலும் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். நீதிமன்றத்தில் பாஸ்போர்ட் இருந்தால் அதைத் திரும்பக் கேட்கத் தனி மனு. விடுவிப்பு மட்டும் கிடைத்திருந்தால், புது ஆதாரம் வந்தால் போலீஸ் மேல் விசாரணை நடத்தித் திரும்ப வரச் சட்டத்தில் இடம் உண்டு என்பது நினைவில் இருக்கட்டும்.

லுக் அவுட் நோட்டீஸ் தானாக நீங்காது. அதைக் கேட்ட காவல் துறைதான், நீக்கச் சொல்லிக் குடிவரவுத் துறைக்குக் கடிதம் அனுப்ப வேண்டும். தம்பிக்கு வழக்கு ரத்தான ஐந்தாவது வாரமும் அந்தக் கடிதம் போகவில்லை. அண்ணன் இரண்டு முறை எஸ்.பி. அலுவலகத்துக்கு நடந்தார், நான் ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்பினேன், அப்புறம்தான் போனது. அதன் நகலையும் உயர் நீதிமன்ற உத்தரவையும் அதே பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கையிலேயே வைத்துக்கொண்டு விமான நிலையத்துக்குப் போனார். கவுண்டரில் இருந்தவர் கணினியை ஒரு நிமிடம் பார்த்துவிட்டு, கவரைத் திறக்கச் சொல்லாமலே முத்திரை குத்திக் கொடுத்தாராம்.